மாவு பத்து ரூபாய், தோசை ஏன் நூறு ரூபாய்?

போன மாதம் எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் பெரியப்பா ஒரு ஓட்டல் பில்லைப் படம் எடுத்துப் போட்டார். தி.நகரில் ஏசி ஹால், ஒரு நெய் ரோஸ்ட், ஒரு இட்லி வடை, இரண்டு காபி, மொத்தம் முந்நூற்றுச் சொச்சம். கீழே "ஒரு கிலோ இட்லி அரிசி என்ன விலைன்னு நமக்குத் தெரியாதா? பகல் கொள்ளை" என்று ஒரு வரி. அரை மணி நேரத்தில் இருபது பேர் ஆமாம் போட்டார்கள். அம்பத்தூர் பக்கம் சின்னதாக ஒரு மெஸ் நடத்தும் என் சித்தி பையன் மட்டும் "பெரியப்பா, ஒரு மாசம் என் கல்லாவுல வந்து உக்காருங்க" என்று எழுதிவிட்டுக் காணாமல் போய்விட்டான்.

ஓட்டல் தொழிலைப் பற்றி நம் ஊரில் எல்லோருக்கும் ஒரு கருத்து இருக்கிறது. கூட்டம் இருந்தால் கொள்ளை லாபம், விலை ஏறினால் பேராசை, ஒரு கடை மூடினால் "கைப்பக்குவம் போச்சு". இதில் எதுவும் முழுப் பொய் இல்லை. ஆனால் தோசையின் விலையை மாவை வைத்து மட்டும் கணக்குப் போடும்வரை எதுவும் விளங்காது. ஓட்டல்காரர் தோசையோடு சேர்த்து இன்னொன்றையும் விற்கிறார்: நாற்காலி. கொஞ்ச நேரத்துக்கு ஒரு நாற்காலி. எனக்கு இது புரிய ரொம்ப நாள் ஆனது.

முதலில் ஷேர் ஆட்டோ

ஷேர் ஆட்டோக்காரர் கிளம்பாமல் "ஒருத்தர் ஒருத்தர்" என்று ஏன் கூவிக்கொண்டே நிற்கிறார்? மூன்று பேர் ஏறினாலும் ஏழு பேர் ஏறினாலும் டீசல் ஏறக்குறைய ஒன்றுதான், தவணைப் பணமும் ஒன்றுதான். முதல் நான்கு பேர் கொடுப்பது செலவுக்குப் போய்விடும். அவருக்கு வீட்டுக்கு எடுத்துப்போகக் கிடைப்பது கடைசியாக ஏறும் இரண்டு மூன்று பேரின் காசு.

ஆள் வந்தாலும் வராவிட்டாலும் கொடுத்தே தீர வேண்டியதை நிலைச் செலவு என்பார்கள். விற்க விற்கக் கூடுவது மாறும் செலவு. ஓட்டலில் வாடகையும் சம்பளமும் நிலைச் செலவு. அரிசி, உளுந்து, எண்ணெய், காய்கறி மாறும் செலவு. பெரியப்பா கணக்குப் போட்டது இரண்டாவதை மட்டும்.

நூறு ரூபாய் எங்கே போகிறது

ஒரு உதாரணக் கணக்கு போடுவோம். எல்லா ஓட்டலுக்கும் இது பொருந்தாது, வாடகை வடபழனியில் ஒன்று, நங்கநல்லூரில் ஒன்று. வழி புரிந்தால் போதும்.

வரி நீங்கலாக 100 ரூபாய் பில் என்று வைத்துக்கொள்ளுங்கள். சரக்குக்கு 35 ரூபாய். சரக்குச் செலவு விற்பனையில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கில் நிற்க வேண்டும் என்பது தொழிலில் பழகிய கணக்கு. சம்பளத்துக்கு 25, இதில் ஆட்களுக்கான மூன்று வேளைச் சாப்பாடும் தங்கும் அறை வாடகையும் சேர்த்தி, ஏனென்றால் இன்று சென்னை ஓட்டல்களில் பரிமாறுகிறவர், மேசை துடைக்கிறவர், பாத்திரம் தேய்க்கிறவர் எனப் பலரும் அசாம், ஒடிசா, பீகார் பக்கம் இருந்து வந்தவர்கள், அவர்களுக்கு இடம் கொடுத்தால்தான் ஆள் நிற்கும். கட்டட வாடகைக்கு 15. கேஸ், கரண்ட், லாரித் தண்ணீருக்கு 10. இலை, டப்பா, ரிப்பேர், லைசென்ஸ், மீந்து கொட்டியது எல்லாம் சேர்த்து 7. கூட்டினால் 92. மிச்சம் 8 ரூபாய். முதலாளியின் கடன் வட்டி இருந்தால் அதுவும் இந்த எட்டில் இருந்துதான்.

இப்போது விளையாட்டைப் பாருங்கள். கூட்டம் ஐந்தில் ஒரு பங்கு குறைந்து விற்பனை 80 ஆகிறது. சரக்கு 28 ஆகக் குறையும். மற்ற 57 ரூபாய் அப்படியே நிற்கும் (கேஸ் கொஞ்சம் குறையும்தான், விட்டுவிடுவோம்). மொத்தச் செலவு 85, வரவு 80. எட்டு ரூபாய் லாபம் ஐந்து ரூபாய் நஷ்டமாகிவிட்டது. மாறாக விற்பனை 120 ஆனால்? சரக்கு 42, மற்றவை அதே 57, லாபம் 21. கூட்டம் ஐந்தில் ஒரு பங்குதான் கூடியது, லாபமோ இரண்டரை மடங்குக்கு மேல்.

பெரியப்பா சொல்வது, சித்தி பையன் சொல்வது இரண்டும் ஒரே நேரத்தில் எப்படி உண்மையாக இருக்க முடியும் என்பதற்கு விடை இதில் இருக்கிறது. நிரம்பி வழியும் ஓட்டல் நிஜமாகவே நன்றாகச் சம்பாதிக்கிறது. அதே விலையில், அதே ருசியில், முக்கால்வாசி நிரம்பும் ஓட்டல் மூச்சுத் திணறுகிறது. சில மழை நாட்கள், பக்கத்தில் மெட்ரோ வேலைக்காகத் தெருவை மறித்தது, அவ்வளவு போதும் ஒரு கடையைச் சாய்க்க.

சுருக்கமாக இதுவரை: சரக்கு விலை பில்லில் மூன்றில் ஒரு பங்கு. மீதி பெரும்பாலும் ஆள் வந்தாலும் வராவிட்டாலும் ஓடும் செலவு. அதனால் லாபம் கூட்டத்தைப் பொறுத்துத் தாறுமாறாக ஏறி இறங்கும்.

நாற்காலிக்கு வாடகை

கூட்டம் என்றால் எந்தக் கூட்டம் என்று ஒரு கேள்வி உண்டு. ஒரு நாற்காலியில் ஒரு வேளையில் எத்தனை பேர் மாறி மாறி உட்காருகிறார்கள் என்பதை மேசைச் சுழற்சி என்று சொல்லலாம்.

நாற்பது இருக்கை உள்ள ஒரு டிபன் ஓட்டல். காலை ஏழரை முதல் பத்தரை வரை மூன்று மணி நேரம்தான் நெரிசல். ஒருவர் 25 நிமிடத்தில் எழுந்தால் ஒரு நாற்காலிக்கு ஏழு பேர், மொத்தம் 280 பேர். அதே ஆள் போனை நோண்டிக்கொண்டு 45 நிமிடம் உட்கார்ந்தால் நாலே பேர், மொத்தம் 160. ஆளுக்கு நூறு ரூபாய் என்றால் 28,000 எங்கே, 16,000 எங்கே. வெளியில் நின்று பார்த்தால் இரண்டு நாளும் ஒரே கூட்டம்தான் தெரியும்! சொல்லப்போனால் மெதுவாகச் சாப்பிடும் நாளில் வாசலில் இன்னும் அதிகம் பேர் காத்திருப்பார்கள்.

இது தெரிந்தபின் ஓட்டலில் நடக்கும் பல விஷயங்கள் வேறு மாதிரி தெரியும். முகம் தெரியாத மூன்று பேரை உங்கள் மேசையிலேயே உட்காரவைக்கிறார்களே, அது இதற்குத்தான். கடைசி வாய் உள்ளே போகும்போதே "வேற ஏதாவது வேணுமா சார்?" என்று கேட்டு, பதில் வருவதற்குள் பில்லை டம்ளருக்கு அடியில் செருகிவிட்டுப் போகிறாரே, அதற்கும் காரணம் இதுதான். (எனக்கு அது இன்னமும் எரிச்சல்தான். காரணம் தெரிந்துவிட்டதால் எரிச்சல் போய்விடுமா என்ன.) நின்றுகொண்டே சாப்பிடும் உயர மேசைகள், டோக்கன் வாங்கி நீங்களே எடுத்துக்கொள்ளும் முறை எல்லாமே நாற்காலியைச் சேமிக்கும் வழிகள்.

கையேந்தி பவனில் தோசை ஏன் பாதி விலை என்பதற்கும் இதுவே பதில். அங்கே நாற்காலி கிடையாது, ஏசி கிடையாது, கட்டட வாடகை கிடையாது. ஆண்டு விற்பனை 20 லட்சத்துக்குள் இருந்தால் ஜிஎஸ்டி பதிவும் தேவையில்லை. சரக்கு விலை மட்டும் பெரிய ஓட்டலுக்கும் அவருக்கும் ஏறக்குறைய ஒன்று.

சமையலறைக்குள்ளும் ஒரு சுழற்சி இருக்கிறது. இட்லி ஒரே ஈட்டில் டஜன் கணக்கில் வெந்து தயாராக இருக்கும், கேட்டதும் தட்டில் விழும். ரவா தோசை அப்படி இல்லை. தோசைக் கல்லில் இடம் கொஞ்சம்தான், ரவா தோசை சாதா தோசையைவிட நிதானமாக முறுகும், அந்த நேரத்தில் இரண்டு சாதா தோசை போட்டிருக்கலாம். சித்தி பையன் காலை பத்தரை வரை ரவா தோசை போடுவதே இல்லை. "ரவை விலை ஒண்ணும் இல்லண்ணா, கல்லுக்குத்தான் காசு" என்றான். மெனு அட்டையில் ரவா ரோஸ்டுக்கு ஏன் கூடுதல் விலை என்று நான் யோசித்ததே இல்லை.

கல்யாணச் சமையல் கான்ட்ராக்டரோடு ஒப்பிட்டால் இன்னும் தெளிவாகும். அவருக்கு எத்தனை இலை என்று முதல் நாளே தெரியும், எல்லோரும் ஒரே மெனு, முன்பணம் கையில். ஓட்டல்காரருக்கு நாளைக்கு எத்தனை பேர் வருவார்கள், வந்து பொங்கல் கேட்பார்களா பூரி கேட்பார்களா என்பதே தெரியாது. தெரியாமல் சமைத்ததில் மீந்ததன் விலையும் நம் பில்லில்தான் உட்கார்ந்திருக்கிறது.

ஐந்து சதவீத ஜிஎஸ்டியில் ஒரு மர்மம்

ஓட்டல் வரி பற்றிய குழப்பம் தனி ரகம். 2017 ஜூலையில் ஜிஎஸ்டி வந்தபோது ஏசி இல்லாத ஓட்டலுக்கு 12 சதவீதம், ஏசி ஓட்டலுக்கு 18. அதே ஆண்டு நவம்பர் 15 முதல் இரண்டுக்கும் 5 என்று குறைத்தார்கள். அப்புறமும் பில் தொகை எதிர்பார்த்த அளவுக்குக் குறையவில்லை என்று ஊரே திட்டியது. திட்டியதில் நியாயமும் இருந்தது, ஆனால் கூடவே நடந்த இன்னொரு மாற்றம் பலருக்கும் தெரியவில்லை.

ஒரு கடைக்காரர் பொருள் வாங்கும்போது கட்டிய வரியை, தான் அரசுக்குக் கட்ட வேண்டிய வரியில் கழித்துக்கொள்ளலாம். இதற்கு உள்ளீட்டு வரி வரவு என்று பெயர். ஓட்டலுக்கு 5 சதவீதம் என்று குறைத்தபோது இந்தக் கழிவை எடுத்துவிட்டார்கள். வணிக கேஸ் சிலிண்டருக்கு 18 சதவீதம் வரி, கடை வாடகைக்கு 18 சதவீதம், இதெல்லாம் திரும்ப வராத செலவாகி தோசையின் அடிப்படை விலைக்குள் போய்விட்டது. பில்லில் தெரிவது 5, கண்ணுக்குத் தெரியாமல் உள்ளே இன்னும் கொஞ்சம்.

2025 செப்டம்பர் 22 முதல் நெய், வெண்ணெய், சீஸ் மீதான வரி 12 சதவீதத்தில் இருந்து 5 ஆகக் குறைந்ததே, ஏன் நெய் ரோஸ்ட் விலை குறையவில்லை என்று பெரியப்பா அதே குழுவில் கேட்டார். கழிவு கிடையாது என்பதால் இந்த மாதிரி குறைப்பு ஓட்டலுக்கு நிஜமான மிச்சம்தான். எவ்வளவு மிச்சம் என்பதுதான் விஷயம். வரிக்கு முன் நெய் லிட்டர் 600 ரூபாய் என்று வையுங்கள், ஏழு சதவீதம் என்றால் லிட்டருக்கு 42 ரூபாய். ஒரு ரோஸ்டுக்குப் பத்து மில்லி ஊற்றினால் 42 பைசா. நாற்பத்திரண்டு பைசாவை எந்த ஓட்டலும் மெனு அட்டையில் குறைக்காது.

சில சின்ன மெஸ்களில் பில்லில் வரியே இருக்காது, கவனித்திருக்கிறீர்களா? அது ஏமாற்று வேலை என்று அவசரப்பட வேண்டாம். ஆண்டு விற்பனை ஒன்றரைக் கோடிக்குள் இருந்தால் இணக்க முறை என்று ஒன்று உண்டு: மொத்த விற்பனையில் 5 சதவீதத்தைக் கடைக்காரரே தன் கையில் இருந்து கட்டிவிட வேண்டும், வாடிக்கையாளரிடம் தனியாக வரி வாங்கக் கூடாது. சர்வீஸ் சார்ஜ் வேறு, அது வரியே இல்லை. அதைத் தானாக பில்லில் சேர்க்கக் கூடாது என்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022 ஜூலையில் சொன்னது, டெல்லி உயர் நீதிமன்றமும் 2025 மார்ச்சில் அதை உறுதி செய்தது. பெரிய ஓட்டலில் அதைப் பார்த்தால் எடுத்துவிடச் சொல்லிக் கேட்கலாம், வெட்கப்பட ஒன்றுமில்லை.

வீட்டு வாசலுக்கு வரும் பிரியாணி

ஸ்விக்கி தொடங்கியது 2014. ஜொமாட்டோ அதற்கு முன்பே மெனு அட்டைகளைப் போட்டுவைக்கும் தளமாக இருந்தது, அப்புறம்தான் டெலிவரிக்கு வந்தது. இன்று சென்னையில் இந்த இரண்டும் இல்லாமல் ஓட்டல் நடத்துகிறவர்கள் உண்டு, ஆனால் அதற்கு ஒரு நெஞ்சுரம் வேண்டும்.

ஓட்டலுக்கு இதில் என்ன கிடைக்கிறது? நாற்காலியே இல்லாமல் விற்பனை. முன்னே சொன்ன கணக்கில் இது வரம்தான். என்ன பறிபோகிறது? கமிஷன். கடைக்குக் கடை மாறும், 25 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். 100 ரூபாய் பிரியாணிக்கு 25 ரூபாய் கமிஷன், அந்தக் கமிஷனுக்கு 18 சதவீத ஜிஎஸ்டி, ஆக 29 ரூபாய் 50 பைசா. டப்பாவும் பையும் தனி. ஆப் நடத்தும் தள்ளுபடியில் ஓட்டலின் பங்கு என்று ஒன்று இருந்தால் அதுவும் தனி. எட்டு ரூபாய் லாபத்தில் ஓடும் தொழிலில் இதை எங்கிருந்து கொடுப்பது? ஆப்பில் விலையை ஏற்றித்தான். கடையில் 100, ஆப்பில் 130 என்றால் அந்த வித்தியாசத்தின் பெரும்பகுதி ஓட்டல்காரர் பைக்குப் போவதில்லை. அதற்கு மேல் ஆப் உங்களிடம் வாங்கும் பிளாட்பார்ம் கட்டணம், 2023ல் இரண்டு ரூபாயாகத் தொடங்கியது இரண்டே ஆண்டில் இரட்டை இலக்கத்துக்குப் போய்விட்டது, அதுவும் ஓட்டலுக்கு வராது.

இந்தச் சண்டை பழையது. இந்திய தேசிய உணவக சங்கம் கொடுத்த புகாரின் பேரில் இந்தியப் போட்டி ஆணையம் 2022 ஏப்ரலில் இரு நிறுவனங்கள் மீதும் விசாரணைக்கு உத்தரவிட்டது. என் கருத்தைக் கேட்டால், கமிஷனைவிடப் பெரிய இழப்பு வேறு: யார் தன் வாடிக்கையாளர் என்று ஓட்டல்காரருக்குத் தெரியாமல் போவது. மெஸ்ஸுக்கு நேரில் வருகிற ஆளுக்கு ரசம் பிடிக்கும் என்று சித்தி பையனுக்குத் தெரியும். ஆப்பில் வருகிற ஆள் அவனுக்கு ஒரு எண்.

நாற்காலியே வேண்டாம் என்று முடிவு செய்தவர்கள்தான் கிளவுட் கிச்சன்காரர்கள், அதாவது சமையலறை மட்டும், விற்பனை முழுக்க ஆப் வழியாக. மெயின் ரோடு வாடகை மிச்சம். ஆனால் போகிற வருகிற யார் கண்ணிலும் கடை படாது, படவைக்க ஆப்பில் விளம்பரத்துக்குப் பணம் கட்ட வேண்டும். வாடகை வேறு பெயரில் வந்துவிட்டது என்பதுதான் உண்மை.

மறுபடி ஒரு முறை: உட்கார்ந்து சாப்பிட்டால் நாற்காலிக்கும், வீட்டுக்கு வரவழைத்தால் ஆப்புக்கும் நாம் காசு கொடுக்கிறோம். சமையலுக்கான பங்கு இரண்டிலும் பெரிதாக மாறுவதில்லை.

ஏறிய விலை ஏன் இறங்குவதில்லை

2023 ஜூலையில் தக்காளி கிலோ நூறு ரூபாயைத் தாண்டியது நினைவிருக்கும், அரசே சென்னை ரேஷன் கடைகளில் 60 ரூபாய்க்கு விற்றது. அடுத்த மாதங்களில் கோயம்பேட்டில் விலை சரிந்தது. ஓட்டலில் தக்காளிச் சட்னி திரும்ப வந்தது, ஆனால் அந்த இடைவெளியில் ஐந்து ரூபாய் ஏற்றியவர்கள் இறக்கவில்லை.

பேராசை ஒரு பங்கு, மறுக்கவில்லை. இன்னொரு பங்கு என்னவென்றால், தக்காளி ஏறி இறங்கும், சம்பளமும் வாடகையும் ஏறும், இறங்காது. தோசை மாஸ்டர் எதிர்க்கடைக்குப் போய்விடுவாரோ என்ற பயத்திலேயே ஆண்டுக்கு ஒருமுறை ஏற்ற வேண்டியிருக்கிறது. தக்காளி விலை ஏறும்போது வாடிக்கையாளர் ஏற்றத்தை ஒப்புக்கொள்வார், அதைச் சாக்காக வைத்து இரண்டு வருடச் சம்பள ஏற்றத்தையும் சேர்த்துப் போட்டுவிடுகிறார்கள்.

விலையை ஏற்ற பயமாக இருந்தால் அளவில் கை வைப்பார்கள். வடை சுருங்கும், ஓட்டை பெரிதாகும். மூன்று சட்னி இரண்டாகும். இலைச் சாப்பாடு "அளவு சாப்பாடு" ஆகும். அது இல்லாவிட்டால் மினி டிபன் மாதிரி ஒரு தட்டு: குட்டி தோசை, ஒரு கரண்டி பொங்கல், ஒரு வாய் கேசரி, காபி. வாடிக்கையாளருக்கு நிறைய கிடைத்த மாதிரி இருக்கும். ஓட்டலுக்கு ஒவ்வொருவரின் பில்லும் சீராக உயரும்.

விலை ஏறாமலே இருக்க முடியாதா? 2013ல் தொடங்கிய அம்மா உணவகத்தில் இட்லி ஒரு ரூபாய்தான். இடம் மாநகராட்சியுடையது, சமைக்கும் மகளிர் குழுவினருக்கு ஊதியம் மாநகராட்சி கொடுக்கிறது, அரிசி மானியத்தில் வருகிறது. அந்த இட்லிக்கும் முழு விலை உண்டு, மீதியை அரசு கட்டுகிறது, அவ்வளவுதான்.

நாமும் மாறிவிட்டோம்

பில்லைப் பார்த்து அலறும் நாமேதான் வெளிச் சாப்பாட்டைக் கூட்டிக்கொண்டும் போகிறோம். மத்திய அரசின் வீட்டுச் செலவுக் கணக்கெடுப்புப்படி நகரக் குடும்பம் மொத்தச் செலவில் உணவுக்கு ஒதுக்குவது 1999-2000ல் சுமார் 48 சதவீதம், 2023-24ல் அது 40க்குக் கொஞ்சம் கீழே. உணவின் பங்கு குறைகிறது. அதற்குள்ளே பானங்கள், சிற்றுண்டி, பதப்படுத்திய உணவு என்ற ஒரு தலைப்பு மட்டும் 2011-12ல் மொத்தச் செலவில் சுமார் 9 சதவீதமாக இருந்தது 11 ஆகியிருக்கிறது. பாக்கெட் சிப்ஸும் இதில் அடக்கம், ஓட்டலில் வாங்கிய சாப்பாடும் அடக்கம், ஆகவே முழுக்க ஓட்டல் கணக்கு என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆனால் போக்கு எந்தப் பக்கம் என்று தெரிகிறது.

சென்னையில் நான் பார்க்கும் ஒரு மாற்றம், சாதத்தை வீட்டில் குக்கரில் வைத்துக்கொண்டு குழம்பும் பொரியலும் மட்டும் வெளியில் வாங்குவது. சித்தி பையனின் மெஸ்ஸுக்கு ஒரு நாள் மதியம் மூன்றரைக்குப் போனேன். பன்னிரண்டு மேசையில் ஒருவர்கூட இல்லை, மின்விசிறி மட்டும் சுற்றிக்கொண்டிருந்தது, ஒருவர் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். வாடகை மூன்றரை மணிக்கும் ஓடும் அல்லவா, அதற்காகத்தான் அந்த நேரத்தில் கல்லா பக்கத்தில் ஒரு மேசையைப் போட்டு சாம்பார், ரசம், வத்தக்குழம்பு, இரண்டு பொரியல் என்று தனித்தனியாகக் கவரில் கட்டி வைக்கத் தொடங்கியிருக்கிறான். நூலைப் பல்லில் கடித்துக்கொண்டே அந்தப் பையன் ரசத்தைக் கட்டிய வேகத்தைப் பார்க்க வேண்டும், ஒரு சொட்டு சிந்தவில்லை. ஆறு மணிக்குள் எல்லாம் தீர்ந்துவிடுமாம். நாற்காலி இல்லை, கமிஷன் இல்லை, சமையல் ஆள் ஏற்கெனவே சம்பளத்தில் இருக்கிறார், அதனால் விலையும் குறைவு.

மாம்பலத்தில் இதேபோல் ஒரு மெஸ் இருப்பதாகப் பெரியம்மா சொன்னார். வாரத்தில் இரண்டு நாள் பெரியப்பாவே தூக்கை எடுத்துக்கொண்டு போய் வத்தக்குழம்பு வாங்கி வருகிறாராம், 60 ரூபாய்க்கு. அந்த பில்லை மட்டும் அவர் இன்னும் குழுவில் போடவில்லை.